காலம் வளையும் மாளிகையைக் கதையில் கட்டுவது எப்படி?

மாய உலகக் கதை எழுத உட்காருகிற பலருக்கும் முதலில் தோன்றுவது ஒரு கட்டடம்தான். உள்ளே ஒரு நாள் தங்கிவிட்டு வந்தால் வெளியே தலைமுறை மாறியிருக்கும். அல்லது ஏறிக்கொண்டே போனால் புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்க்கும் படிக்கட்டு இருக்கும். யோசனை நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பத்துப் பக்கம் தாண்டுவதற்குள் கதை முட்டிக்கொள்கிறது. உள்ளே இருப்பவருக்குச் சாப்பாடு யார் கொண்டுபோனது? கடன்காரன் எத்தனை நாள் வாசலில் நின்றான்? எழுதுபவருக்கே தெரியவில்லை. இதில் குறைவது கற்பனை அல்ல, கணக்கு. நடக்கவே முடியாத விஷயம் உங்கள் உலகில் ஒன்றே ஒன்று இருக்கட்டும். அதற்குப் பிறகு வருவதெல்லாம் மளிகைக் கடைச் சிட்டைபோல எந்தப் பக்கமிருந்து கூட்டினாலும் சரியாக வர வேண்டும். புதிதாக எழுதத் தொடங்குபவர்களுக்காக, ஒரு மாதிரிக் கட்டடத்தை அடித்தளத்திலிருந்து எழுப்பிக் காட்டுகிறேன்.

முதல் படி: எது வளைகிறது என்று முடிவு செய்யுங்கள்

இடம் வளையலாம், காலம் வளையலாம். இரண்டையும் சேர்த்து வளைப்பது கைதேர்ந்தவர்களுக்கே சிரமமான வேலை. முதல் முயற்சியில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

இடம் வளையும் வடிவங்களுக்கு நல்ல முன்மாதிரிகள் உண்டு. சுவீடன் ஓவியர் ஆஸ்கர் ராயிட்டர்ஸ்வார்ட் 1934இல் ஒன்பது கனசதுரங்களைக் கொண்டு, தாளில் வரைய முடிந்தாலும் கையால் செய்ய முடியாத முக்கோணம் ஒன்றை வரைந்தார். பிரிட்டனைச் சேர்ந்த லயனல் பென்ரோஸும் அவருடைய மகன் ரோஜர் பென்ரோஸும் 1958இல் ஓர் உளவியல் ஆய்விதழில் அதே முக்கோணத்தையும் முடிவில்லாமல் ஏறும் படிக்கட்டையும் வெளியிட்டார்கள். அந்தப் படிக்கட்டில் துறவிகளை நடக்கவிட்டு டச்சு ஓவியர் எஷர் 1960இல் அச்சோவியம் செய்தார். ஆஸ்திரேலியாவின் பெர்த் நகரில் அந்த முக்கோணத்தைப் பெரிய உலோகச் சிற்பமாகவே நிறுத்தியிருக்கிறார்கள். குறிப்பிட்ட கோணத்தில் நின்று பார்த்தால் மூன்று மூலைகளும் சேர்ந்து முழு முக்கோணமாகத் தெரியும். வேறு பக்கம் தள்ளி நின்றால் ஒரு மூலை பிரிந்து, வெவ்வேறு திசையில் நீட்டிக்கொண்டிருக்கும் மூன்று கம்பங்கள்தான்.

எழுதுபவருக்கு இந்தப் பெர்த் சிற்பம்தான் பாடநூல். சாத்தியமற்ற வடிவம் ஒரே ஒரு பார்வைக் கோணத்தில்தான் நிலைக்கும். ஆகவே அப்படிப்பட்ட கட்டடத்தை எப்போதும் ஒரு பாத்திரத்தின் கண் வழியாக மட்டும் காட்டுங்கள். வானத்திலிருந்து பார்ப்பதுபோல் முழு வரைபடத்தையும் வாசகர் கையில் கொடுத்துவிட்டால் மூலை பிரிந்துவிடும்.

காலம் வளையும் கட்டடத்துக்கு இந்தச் சிக்கல் இல்லை. நான்கு பேர் நான்கு பக்கமிருந்து பார்த்தாலும் கணக்கு நிற்கும். அதனால் இந்தக் கட்டுரையில் நாம் கட்டப்போவது அதைத்தான். காலத்தைப் பின்னோக்கி ஓடவிடும் ஆசையை மட்டும் இப்போதைக்கு அடக்கிக்கொள்ளுங்கள். மெதுவாக ஓடலாம், வேகமாக ஓடலாம். பின்னோக்கி ஓடினால் தாத்தாவைப் பேரன் சந்திக்கும் குழப்பம் வந்து கட்டடத்தையே விழுங்கிவிடும்.

இரண்டாம் படி: விகிதத்தை எண்ணில் எழுதுங்கள்

“உள்ளே காலம் மெதுவாக ஓடும்” என்று மட்டும் எழுதுவது வாடகை சொல்லாமல் வீடு காட்டும் வேலை. எத்தனை மடங்கு?

பாகவதத்தில் ககுத்மி என்ற அரசன், மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மனின் சபைக்குப் போகிறான். அங்கே பாட்டுக் கச்சேரி நடக்கிறது, முடியும்வரை காத்திருக்கிறான். பிறகு விஷயத்தைச் சொன்னால் பிரம்மன் சிரிக்கிறார். அதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் ஓடிவிட்டன. ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டுகள். விஷ்ணு புராணம் இதில் இன்னும் ஒரு நுணுக்கம் சேர்க்கிறது. பழைய யுகத்துப் பெண்ணான ரேவதி, இந்த யுகத்து ஆட்களைவிட மிக உயரமாக இருக்கிறாள். பலராமர் கலப்பையால் அவளைத் தன் உயரத்துக்குக் குறைத்துக்கொள்கிறார். காலம் ஓடினால் உடம்பின் அளவும் மாறியிருக்க வேண்டும் என்று புராணக்காரர் யோசித்திருக்கிறார். நான் கணக்கு என்று சொல்வது இந்தக் கவனத்தைத்தான்.

ஜப்பானின் உராஷிமா தாரோ கதையில் கடலடி அரண்மனையில் சிறிது காலம் தங்கிய மீனவன் திரும்பும்போது 300 ஆண்டுகள் கடந்திருக்கின்றன. திறக்கக் கூடாது என்று கொடுத்தனுப்பிய பெட்டியைத் திறந்ததும் அத்தனை முதுமையும் அவன்மேல் இறங்குகிறது.

இப்படிப்பட்ட பெரிய விகிதங்களால் ஒரே ஒரு உணர்ச்சியைத்தான் எழுத முடியும்: இழப்பு. போனவன் திரும்புகிறான், எல்லோரும் போய்விட்டார்கள், கதை முடிந்தது. இரண்டு, மூன்று மடங்கு என்றால் எதிர்ப்பக்கச் சிக்கல், யாருக்கும் அது உறைக்காது. பத்திலிருந்து நூறு மடங்குக்குள் வைத்தால் உள்ளே இருப்பவரும் வெளியே இருப்பவரும் ஒருவரை ஒருவர் ஏமாற்றலாம், காத்திருக்கலாம், வழக்குப் போடலாம். உறவு அறுந்துபோகாது, ஆனால் இழுபடும். நாவலுக்கு வேண்டியது அதுதான்.

நம் மாதிரிக் கட்டடம் ஏழு நிலை மாடம். தரைநிலையில் காலம் ஊரைப்போலவே ஓடும். ஒவ்வொரு நிலை ஏறும்போதும் பாதி வேகம். இரண்டாம் நிலையில் ஒரு நாள் கழித்தால் வெளியே 2 நாள், மூன்றில் 4, நான்கில் 8, ஐந்தில் 16, ஆறில் 32, உச்சியில் 64.

உங்கள் உலகத்துக் கால அளவைக்குப் பொருந்தும் எண்ணையும் தேடலாம். நாழிகைக் கணக்கு ஓடும் உலகம் என்றால் 64ஐவிட 60 அழகு. ஒரு நாளுக்கு 60 நாழிகை என்பதால், வெளியே ஒரு நாள் போனால் உள்ளே சரியாக ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். பாத்திரங்கள் விரல்விட்டு எண்ணிவிடுவார்கள். நான் 64ஐ வைத்துக்கொள்வதற்குக் காரணம் நிலைக்கு நிலை இரட்டிக்கும் வசதிதான்.

நிஜ உலகிலும் உயரத்துக்கு உயரம் காலம் மாறத்தான் செய்கிறது, ஆனால் திசை நேர்மாறு. ஈர்ப்புவிசை மிகுந்த கீழ்ப்பகுதியில்தான் கடிகாரம் மெதுவாக ஓடும். டோக்கியோ ஸ்கைட்ரீ கோபுரத்தின் அடியிலும் 450 மீட்டர் மேலேயும் மிகத் துல்லியமான அணுக் கடிகாரங்களை வைத்து ஜப்பானிய விஞ்ஞானிகள் அளந்து, 2020இல் முடிவை வெளியிட்டார்கள். மேலே இருந்த கடிகாரம் ஒரு நாளில் ஒரு விநாடியின் 100 கோடியில் ஏறத்தாழ 4 பங்கு முந்தியது. இவ்வளவு சிறிய வித்தியாசத்தை வைத்துக் கதை எழுத முடியாது. ஆனால் உயரத்துக்கும் காலத்துக்கும் தொடர்பு வைத்ததற்காக யாரும் உங்களைக் கேள்வி கேட்கவும் முடியாது.

மூன்றாம் படி: வாசலைக் கட்டுங்கள்

புதியவர்கள் பெரும்பாலும் தாண்டிப் போகும் இடம் இது. வேகம் மாறும் கோடு எங்கே ஓடுகிறது? நிலைப்படியில் என்றால், ஒரு கால் உள்ளேயும் ஒரு கால் வெளியேயும் இருப்பவனின் இரத்தம் என்ன ஆகும்? இதயம் ஒரு வேகத்தில் அனுப்ப, பாதம் வேறு வேகத்தில் வாங்கும். கதவோரம் நின்று பேசும் காட்சியை எழுதவே முடியாது.

இதற்கு எனக்குப் பிடித்த தீர்வு, பழைய வீடுகளின் இடைகழி. இரண்டு கதவுகளுக்கு நடுவில் ஒரு சிறு நடை. உள்ளே நுழைந்து பின்கதவைச் சாத்தினால்தான் முன்கதவு திறக்கும். இரண்டும் சாத்தியிருக்கும்போது நடை முழுவதும் ஒரே சீராக வேகம் மாறும், உடம்பு பிளவுபடாது. திருக்கோவலூரில் பொய்கையாழ்வார், பூதத்தாழ்வார், பேயாழ்வார் மூவரும் மழை இரவில் ஒதுங்கியதும் ஓர் இடைகழிதான். ஒருவர் படுக்கலாம், இருவர் இருக்கலாம், மூவர் நிற்கலாம் என்ற அந்தக் குறுகிய இடத்தில் நான்காவதாக ஒருவர் வந்து நெருக்கினார் என்பது வைணவ மரபு. அதிசயம் நடக்கப் பெரிய மண்டபம் தேவையில்லை என்று நம்மவர்களுக்கு எப்போதோ தெரிந்திருக்கிறது.

அடுத்தது சன்னல். தயவுசெய்து உச்சி நிலையில் சன்னல் வைக்காதீர்கள். மேலே இருப்பவருக்கு வெளியுலகத்து ஒரு நாள் 22 நிமிடம் 30 விநாடியில் முடிந்துவிடும். சூரியன் எழுந்து விழுவதை அவர் பார்த்துக்கொண்டிருக்கலாம் என்று தோன்றும். ஆனால் 64 நாள் வெயில் ஒரு நாளுக்குள் வந்து சேரும், அதோடு ஒளியின் ஒவ்வொரு துகளும் 64 மடங்கு ஆற்றலோடு வரும். இரண்டையும் பெருக்கினால் 4,096 மடங்கு. அறைக்குள் இருப்பவர் சாம்பல். மேல்நிலைகள் இருட்டாகவே இருக்கட்டும், அகல் விளக்கு போதும். கதைக்கும் இருட்டு நல்லதுதான், வெளியே எத்தனை நாள் போனது என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய நிலை வரும்.

கேட்பது எப்படி? வேகம் இரட்டிக்கும்போதெல்லாம் குரல் ஒரு ஸ்தாயி ஏறும். கீழிருந்து உச்சிக்குக் கூப்பிட்டால் ஆறு ஸ்தாயி ஏறி, ஒரு நிமிடப் பேச்சு ஒரு விநாடிக்குள் கீச்சென்று முடிந்துவிடும். மேலிருந்து பேசினால் குரல் ஆறு ஸ்தாயி இறங்கிக் காதுக்கே எட்டாது. ஆனால் அடுத்தடுத்த நிலைகளுக்கு இடையே வித்தியாசம் ஒரு ஸ்தாயிதான். ஆணின் குரல் சிறுபிள்ளைக் குரலாக, இரட்டை வேகத்தில் கேட்கும். பழகினால் புரிந்துகொள்ளலாம். ஆகவே நிலைக்கு ஒரு கூவுபவரை நிறுத்தலாம். செய்தி ஒருவர் வாயிலிருந்து அடுத்தவர் காதுக்கு ஏறும். ஐந்தாம் நிலைக் கூவுபவன் ஒரு சொல்லை மாற்றிச் சொன்னால் என்ன ஆகும்? கணக்கு போடப்போன இடத்தில் சதித்திட்டம் ஒன்று இலவசமாகக் கிடைத்திருக்கிறது.

நான்காம் படி: ஒருவரை மேலே ஏற்றி இறக்குங்கள்

கட்டடம் வேலை செய்கிறதா என்று பார்க்க இதைவிட நல்ல சோதனை இல்லை. ஒரு சமையற்காரியை எடுத்துக்கொள்வோம். உச்சி நிலையில் ஒரு பெரியவர் வசிக்கிறார். அவருக்குச் சாப்பாடு கொண்டுபோக வேண்டும்.

ஒவ்வொரு நிலையையும் கடக்க அவளுக்கு ஒரு நிமிடம். தரையிலிருந்து ஆறாம் நிலைவரை அவள் கைக்கடிகாரத்தில் ஆறு நிமிடம், வெளியே 1, 2, 4, 8, 16, 32 என்று கூட்டினால் 63 நிமிடம். உச்சியில் தட்டை வைக்க ஒரு நிமிடம், வெளியே 64. இறங்க மறுபடி 63. அவளைப் பொறுத்தவரை 13 நிமிட வேலை. கீழே அடுப்படியில் 3 மணி 10 நிமிடம் போயிருக்கிறது. உலையை அடுப்பில் வைத்துவிட்டுப் போயிருந்தால் பானை கருகியிருக்கும். தொட்டிலில் விட்டுப் போன பிள்ளை அழுது ஓய்ந்து தூங்கியிருக்கும்.

பெரியவருக்கு நாளுக்கு மூன்று வேளை என்றால், கீழே ஏறத்தாழ 21 நாளுக்கு ஒருமுறை ஒருவேளைச் சாப்பாடு. காலை இட்லி கொடுத்துவிட்டு மூன்று வாரம் கழித்து மதியச் சோறு. ஓர் ஆண்டு முழுவதும் சமைத்தாலும் மேலே ஆறு நாள்கூட நிறையாது. இருபது வயதில் வேலைக்குச் சேர்ந்தவள் முப்பது ஆண்டு சமைத்தால், பெரியவருக்கு அது ஆறு மாதத்துக்கும் குறைவு. அவர் கண்முன்னே அவள் தலை மாதக்கணக்கில் நரைக்கும். நேற்று நிறைமாதமாக வந்தவள் இன்று காலை வயிறு இல்லாமல் வருவாள். என்ன குழந்தை என்று அவர் இரவுச் சாப்பாட்டின்போது விசாரித்தால், அது முகம் பார்த்துச் சிரிக்கத் தொடங்கிவிட்டது என்பாள். இந்த இருவரையும் வைத்தே ஒரு நாவல் எழுதலாம். அரக்கனும் வேண்டாம், மந்திரக்கோலும் வேண்டாம்.

படி ஏற வேண்டாம், கூடையில் வைத்துக் கயிற்றால் இழுத்துவிடலாமே என்று ஒரு வாசகர் நிச்சயம் கேட்பார். அதையும் போட்டுப் பாருங்கள். கயிறு கீழே விநாடிக்கு அரை மீட்டர் என்று சாதாரணமாக நகர்ந்தால், உச்சியில் அது விநாடிக்கு 32 மீட்டர், மணிக்கு 115 கிலோமீட்டர். சாம்பார் சுவரில்தான் இருக்கும். கீழே நிமிடத்துக்கு ஒரு மீட்டர் என்று பொறுமையாக இழுத்தால் மேலே விநாடிக்கு ஏறத்தாழ ஒரு மீட்டராகக் கூடை ஒழுங்காக வந்து சேரும். கயிறு இழுப்பவனின் பொறுமை ஒரு தொழில்திறமை ஆகிவிட்டது. அவனுக்கென்று ஒரு சாதிச்சங்கமோ பாட்டோ முளைக்கலாம்.

ஐந்தாம் படி: பணத்தையும் சட்டத்தையும் கொண்டுவாருங்கள்

ஒரு கட்டடத்தில் காலம் வளைகிறது என்று ஊருக்குத் தெரிந்த மறுநாளே வியாபாரிகள் வந்துவிடுவார்கள். கீரை, பால், பூ எல்லாம் மேலே ஏறும். ஐந்து ஆண்டு நான்கு மாதம் வைத்திருந்தாலும் உச்சியில் ஒரே மாதப் பழசு. மாறாக, பழைய அரிசிக்குக் கூடுதல் விலை சொல்லும் வியாபாரி தன் மூட்டைகளை ஒருபோதும் மேலே ஏற்ற மாட்டான், தரைநிலையிலேயே வைப்பான். பாம்புக் கடிபட்ட குழந்தைக்கான மருந்து, போய்வர 32 நாள் ஆகும் தொலைவில் இருந்தால், குழந்தையை உச்சிக்குக் கொண்டுபோவார்கள், அங்கே அரை நாள்தான் போகும். அப்படியானால் மேலே இடம் யாருக்கு? பணம் உள்ளவனுக்கா, விஷம் ஏறியவனுக்கா? இந்த ஒரு கேள்வியைச் சுற்றியே ஊரின் அரசியல் உருவாகும்.

கூலிச் சண்டையை விட்டுவிடாதீர்கள். உச்சியில் எட்டு மணி நேரம் பூச்சு வேலை செய்த கொத்தனார் இறங்கும்போது வெளியே 21 நாள் 8 மணி நேரம் போயிருக்கும். அவர் 21 நாள் கூலி கேட்பார், அவர் வீட்டில் அத்தனை நாளும் அடுப்பு எரிந்திருக்கிறது. முதலாளி ஒரு நாள் கூலிதான் என்பார், வேலை நடந்தது அவ்வளவுதான். இருவர் சொல்வதும் நியாயம். எந்தக் கடிகாரம் சட்டம் என்பதை உங்கள் உலகம் தீர்மானித்தே ஆக வேண்டும். கடன் வட்டி, சிறைத்தண்டனை, வாரிசுரிமை எல்லாம் அந்தத் தீர்ப்பில் தொங்குகின்றன. 64 ஆண்டு தண்டனையை உச்சியில் வைத்து ஓராண்டுச் சோற்றுச் செலவில் முடிக்க அரசு ஆசைப்படும். கைதி இளமையோடு வெளியே வருவான், அழைத்துப் போக யாரும் இருக்க மாட்டார்கள்.

இதெல்லாம் மிகை என்று நினைத்தால் துபாயைப் பாருங்கள். 828 மீட்டர் உயர புர்ஜ் கலீஃபாவின் மேல்மாடிகளில் சூரியன் சற்றுத் தாமதமாக மறைகிறது. அதனால் 2011 ரமலானில், 80ஆம் மாடிக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு நிமிடமும் 150க்கு மேல் இருப்பவர்கள் மூன்று நிமிடமும் கூடுதலாகக் காத்திருந்து நோன்பு திறக்க வேண்டும் என்று துபாயின் மார்க்க அறிஞர்கள் கூறினார்கள். வளைந்தது காலம்கூட அல்ல, அடிவானம்தான். அதற்கே மாடிவாரியாக விதி வந்துவிட்டது.

ஆறாம் படி: நாள்பேரேடு வைத்துக்கொள்ளுங்கள்

ஒரு தாளில் மூன்று பத்தி போடுங்கள்: ஊர்த் தேதி, பாத்திரம் இருக்கும் நிலையின் தேதி, அவருடைய உடல் வயது. ஒவ்வொரு காட்சிக்கும் ஒரு வரி. அண்ணன் தரையிலும் தம்பி ஐந்தாம் நிலையிலும் இருந்தால், ஊரில் 16 ஆண்டு போகும்போது தம்பிக்கு ஒரு வயதுதான் கூடும். யார் யாரை அண்ணன் என்று கூப்பிடுவது, எழுந்து நிற்பது யார் என்பதெல்லாம் இந்தப் பேரேட்டில் இருந்துதான் தெரியும். நம் உறவுமுறைச் சொற்கள் வயதில் ஊறியவை. இங்கே சறுக்கினால் வாசகர் உடனே பிடித்துவிடுவார்.

பேரேடு உங்களுக்கு மட்டும்தான். அதை அப்படியே கதைக்குள் கொட்டாதீர்கள். 64 என்ற எண்ணை முதல் அத்தியாயத்தில் யாரும் விளக்க வேண்டாம். சமையற்காரி படியேறுவதற்கு முன் அடுப்பை அணைக்கட்டும், பிள்ளையைப் பக்கத்து வீட்டில் விடட்டும், மூன்று மணி நேரம் பொறுத்துக்கொள்ளுமாறு சொல்லிவிட்டுப் போகட்டும். வாசகர் புருவத்தைச் சுருக்குவார், இரண்டு பக்கத்தில் தானே கண்டுபிடிப்பார். தானே கண்டுபிடித்த விதியை அவர் மறப்பதில்லை.

நடையிலும் வேகத்தைக் காட்டலாம். உச்சியில் நடக்கும் காட்சிக்கு நிதானமான நீண்ட வாக்கியங்கள், விளக்குத் திரி கருகும் மணம்வரை. அதே நேரம் தரையில் நடப்பதை, “அதற்குள் இரண்டு அறுவடை முடிந்தது” என்று ஒரே வரியில் தாண்டுங்கள். இன்னொன்று: உள்ளே இருப்பவருக்குத் தன் காலம் மெதுவாக ஓடுவதாக ஒருபோதும் தோன்றாது. அவருடைய நாடி, நாழிகை வட்டிலின் சொட்டு, எண்ண ஓட்டம் எல்லாமே ஒன்றாக மெதுவாவதால் எல்லாம் இயல்பாகவே இருக்கும். “கால்கள் கனத்தன, காலம் உறைந்தது” போன்ற வரிகளை அழித்துவிடுங்கள்.

எங்கிருந்து தொடங்குவது?

மூன்று பாக நாவலுக்கு இப்போதே தலைப்பு வைக்காதீர்கள். சமையற்காரியின் ஒரே ஒரு ஏற்ற இறக்கத்தை, அந்த 13 நிமிடத்தை மட்டும், சிறுகதையாக எழுதுங்கள். கட்டியவன் யார், எந்த மந்திரத்தால் கட்டினான் என்பதற்கு ஒரு வரியும் செலவிட வேண்டாம், நாம் குடியிருக்கும் வீட்டின் கொத்தனார் பெயரே நமக்குத் தெரியாது. எழுதி முடித்ததும் கணக்கில் கெட்டியான ஒரு நண்பரிடம் கொடுத்து, கதையைப் பற்றி எதுவும் கேட்காமல், அவள் இறங்கி வரும்போது மணி என்ன என்று மட்டும் கேளுங்கள். சரியாகச் சொல்லிவிட்டார் என்றால் எட்டாம் நிலையைப் பற்றி யோசிக்கலாம்.